செர்பியர்களை ஒரு துப்பாக்கிக் குண்டோடு முடித்துவிடாதீர்கள்

தமிழில் உலக வரலாறு கற்பிக்கும் ஆசிரியர்களுக்கும், அதற்குப் பாடநூலும் துணைநூலும் எழுதுவோருக்கும் வணக்கம்.

பத்தாம் வகுப்பு சமூக அறிவியலில் முதல் உலகப் போர்ப் பாடம் வந்ததும் பிள்ளைகள் நான்கு விஷயங்களை மனப்பாடம் செய்கிறார்கள். 1914 ஜூன் 28. சரயேவோ நகரம். ஆஸ்திரிய இளவரசர் பிரான்ஸ் பெர்டினாண்ட். அவரைச் சுட்ட செர்பிய இளைஞன். மதிப்பெண் கிடைத்துவிடுகிறது. செர்பியர் என்றொரு மக்கள் நம் வகுப்பறைக்குள் வந்து, சுட்டுவிட்டு, அப்படியே வெளியே போய்விடுகிறார்கள். சில ஆண்டுகள் கழித்து போட்டித் தேர்வுக்குப் படிக்கிறபோது, யூகோஸ்லாவியா உடைந்த கதையில் மறுபடியும் துப்பாக்கியோடு வருகிறார்கள். அவர்களுக்கு எழுத்து உண்டா, சட்டம் உண்டா, பண்டிகை உண்டா, எங்கிருந்து வந்தவர்கள், எதை நினைத்து அழுகிறவர்கள், எதுவும் நம் பிள்ளைக்குத் தெரியாது.

இது செர்பியர்களுக்கு நாம் இழைக்கும் அநீதி என்பது ஒரு பக்கம். அதைவிட எனக்கு வருத்தம் தருவது வேறு. இந்த முறையில் படித்தால் 1914உம் புரியாது, ஸ்ரெப்ரெனிட்சாப் படுகொலை நடந்த 1995உம் புரியாது. இரண்டுக்கும் வேர் 1389இல், கொசோவோவில் நடந்த ஒரு போரில் இருக்கிறது. அந்த 1389 புரிய வேண்டுமானால் இன்னும் இருநூறு ஆண்டு பின்னால் போக வேண்டும். அந்த வழியைப் பிள்ளைகளுக்குத் திறந்துவிடுங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல்.

முதலில் அந்த இளைஞனையே எடுத்துக்கொள்வோம். கவ்ரிலோ பிரின்சிப் செர்பிய நாட்டுக் குடிமகன் இல்லை. போஸ்னியாவில் ஓர் ஏழை விவசாயக் குடும்பத்தில் பிறந்த செர்பியர். அந்தப் போஸ்னியாவை 1878 முதல் ஆஸ்திரியா-ஹங்கேரி நிர்வகித்தது, 1908இல் தன்னோடு இணைத்துக்கொண்டது. ஆக, அவர் சுட்டது தன் மண்ணை ஆண்ட பேரரசின் வாரிசை. அவரோடு சதியில் இருந்தவர்களில் முகமத் மெஹ்மெத்பாசிச் ஒரு முஸ்லிம். அதற்காக செர்பிய நாட்டுக்கு இதில் தொடர்பே இல்லை என்று சொல்லிவிட முடியாது. ஆயுதம் வந்தது பெல்கிரேடிலிருந்து, ராணுவ உளவுத்துறைத் தலைவர் டிராகுடின் டிமிட்ரியேவிச்சின் ரகசிய வட்டத்திலிருந்து. சுட்டபோது பிரின்சிப்புக்கு இருபது வயது நிறையவில்லை, அதனால் தூக்கிலிருந்து தப்பினார். 1918 ஏப்ரலில் சிறையிலேயே காசநோயில் செத்துப்போனார். இவ்வளவையும் சொல்ல ஐந்து நிமிடம் போதும். ‘செர்பியா சுட்டது’ என்ற ஒற்றை வரியோடு ஒரு பிள்ளை வெளியே போகாமல் இருக்க அந்த ஐந்து நிமிடம் தேவை.

சரி, எங்கிருந்து வந்தவர்கள் இவர்கள்?

கி.பி. 6, 7ஆம் நூற்றாண்டுகளில் டான்யூப் நதியைக் கடந்து பால்கன் தீபகற்பத்துக்குள் இறங்கிய ஸ்லாவிய மக்களில் ஒரு பிரிவினர். பத்தாம் நூற்றாண்டின் நடுவில் பைசாந்திய (கிழக்கு ரோமப்) பேரரசர் ஏழாம் கான்ஸ்டன்டைன் தன் மகனுக்காக ஆட்சிக் கையேடு ஒன்றைத் தொகுத்தார். ஹெராக்ளியஸ் பேரரசர் காலத்தில், அதாவது 610க்கும் 641க்கும் இடையில், வடக்கே ‘வெள்ளைச் செர்பியா’ என்ற இடத்திலிருந்து இவர்கள் வந்து குடியேறினார்கள் என்கிறது அந்த நூல். நடந்து முந்நூறு ஆண்டு கழித்து எழுதியது. அதில் எவ்வளவு நினைவு, எவ்வளவு அரண்மனை அரசியல் என்று ஆய்வாளர்கள் இன்னும் வாதிட்டுக்கொண்டுதான் இருக்கிறார்கள். ஆனால் இன்றைய கிழக்கு ஜெர்மனியில் பவுட்சன், காட்பஸ் வட்டாரத்தில் சோர்பியர் என்ற சிறிய ஸ்லாவிய இனம் இன்னும் தன் மொழியோடு வாழ்கிறது. அவர்கள் தங்களுக்கு வைத்துக்கொண்ட பெயரும் செர்பியர் பெயரும் கிட்டத்தட்ட ஒன்றே. வடக்கிலிருந்து வந்தவர்கள் என்ற கதையை முழுக்கத் தள்ளிவிடவும் முடியாது.

அவர்கள் வந்து சேர்ந்தது ஆளில்லாத நிலத்துக்கு அல்ல. இல்லிரியர், திரேசியர், ரோமானியர் என்று அடுக்கடுக்காக மக்கள் வாழ்ந்த நிலம். ரோமப் பேரரசர் முதலாம் கான்ஸ்டன்டைன் பிறந்த ஊர் இன்றைய செர்பியாவின் நிஷ் நகரம். டான்யூப் கரையில் லெபென்ஸ்கி வீரில் மீன் முகம் கொண்ட கற்சிலைகளைச் செதுக்கியவர்கள் எட்டாயிரம் ஆண்டுகளுக்கு முந்தியவர்கள். இங்கே ஒரு எச்சரிக்கை. செர்பியர்தான் ஐரோப்பாவின் ஆதிக்குடி, லெபென்ஸ்கி வீர் அவர்கள் பாட்டன் வீடு என்று சொல்லும் காணொளிகள் இணையத்தில் ஏராளம். அதை வகுப்புக்குள் விடாதீர்கள். அந்த மண்ணின் வரலாறு வேறு, அந்த மக்களின் வரலாறு வேறு. இரண்டும் கலந்துதான் இன்றைய செர்பியர் உருவானார்கள் என்று சொல்வதே நேர்மை.

ஒன்பதாம் நூற்றாண்டில் கிறித்துவம் வந்தது. பைசாந்தியத்தின் கிழக்கு மரபு, அதோடு ஸ்லாவிய மொழிக்கென்றே உருவான எழுத்து. பிறகு பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஸ்டெஃபான் நெமான்யா. நான் மிகவும் மதிக்கும் பகுதி இங்கேதான் தொடங்குகிறது. முப்பது ஆண்டு ஆண்ட மனிதர், 1196இல் தானாகவே அரியணையை மகனிடம் கொடுத்துவிட்டுத் துறவியானார். அவருடைய கடைக்குட்டி மகன் அதற்கு முன்பே வீட்டைவிட்டு ஓடி, கிரேக்கத்தின் அதோஸ் மலையில் சாவா என்ற பெயரில் துறவியாகியிருந்தான். தகப்பன் மகனைத் தேடிப் போனார். இருவரும் சேர்ந்து 1198இல் ஹிலாண்டர் மடத்தைப் புதுப்பித்து எழுப்பினார்கள். அது இன்றும் செர்பிய மடமாக இயங்கிக்கொண்டிருக்கிறது. சாவாவின் அண்ணன் 1217இல் முடிசூடினார். 1219இல் சாவா தன் மக்களுக்கென்று தன்னாட்சி பெற்ற திருச்சபையை வாங்கிவந்தார், கூடவே ஒரு சட்டத் தொகுப்பையும். அண்ணனிடம் அரசு, தம்பியிடம் சபை. செர்பியரின் நாடும் மதமும் ஒன்றோடொன்று பின்னிக்கிடப்பதற்குக் காரணம் இந்தக் குடும்பம்தான்.

அந்தக் காலத்தில் எழுதிய ஒரு நூல் பெல்கிரேடின் தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கிறது. நெமான்யாவின் சகோதரர் மிரோஸ்லாவுக்காக 1180களில் தோலில் எழுதிய நற்செய்தி நூல், 362 பக்கம். ஒவ்வொரு பகுதியின் முதலெழுத்தும் ஓர் ஓவியம். எழுத்தின் வளைவுக்குள் பறவையும் விலங்கும் மனித உருவமும் நெளிகின்றன. இந்த நூலை 2005இல் யுனெஸ்கோ உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. சரயேவோவின் துப்பாக்கிப் படம் இருக்கும் பக்கத்தில் இதன் ஒரு பக்கத்தையும் அச்சிட்டால் என்ன குறைந்துவிடும்?

அப்புறம் டூஷான் மன்னன். 1346இல் ஸ்கோப்யே நகரில் பேரரசனாக முடிசூடியவர். அவருடைய பேரரசு அவர் 1355இல் இறந்ததும் சிதறிவிட்டது, அதைப் பற்றி நீட்டிச் சொல்ல எதுவுமில்லை. ஆனால் 1349இல் அவர் வெளியிட்டு 1354இல் விரிவாக்கிய சட்டத் தொகுப்பு நின்றது. அதில் ஒரு விதி: பேரரசர் கோபத்தினாலோ ஒருவர்மேல் உள்ள பிரியத்தினாலோ இந்தச் சட்டத்துக்கு மாறாக ஓலை எழுதினால், நீதிபதிகள் அதை மதிக்கக் கூடாது. அடுத்த விதி, பேரரசருக்குப் பயந்து தீர்ப்புச் சொல்லாதீர்கள் என்கிறது. பதினான்காம் நூற்றாண்டில் ஓர் அரசன் தன் கையைத் தானே கட்டிக்கொண்டு எழுதிய வரிகள் இவை. அந்தத் தொகுப்பில் கொடூரமான தண்டனைகளும் இருக்கின்றன, கண்ணைப் பிடுங்குவதும் கையை வெட்டுவதும் இருக்கின்றன. இரண்டையும் சேர்த்தே சொல்லுங்கள். மேக்னா கார்ட்டாவைப் பற்றிப் படிக்கும் பிள்ளைக்கு ஐரோப்பாவின் இன்னொரு மூலையில் என்ன நடந்தது என்பதும் தெரியட்டும்.

இப்போது கொசோவோ. 1389 ஜூன் 15. பழைய நாட்காட்டியின் அந்த நாள் இன்று ஜூன் 28இல் வருகிறது. புனித விடுஸ் நாள், செர்பியர் அதை விடோவ்டான் என்பார்கள். லாசர் என்ற சிற்றரசரின் படையும் உஸ்மானிய (ஒட்டோமான்) சுல்தான் முராதின் படையும் மோதின. அன்று லாசரும் செத்தார், முராதும் செத்தார். இரண்டு பக்கமும் நொறுங்கிப்போன போர். ஆனால் சுல்தானுக்கு ஆள் பலம் மீதி இருந்தது, செர்பியருக்கு இல்லை. லாசரின் மகன்கள் கப்பம் கட்டும் சிற்றரசர்களானார்கள். மகள் ஒலிவேரா புதிய சுல்தான் பாயசித்துக்கு மனைவியாகப் போனாள். செர்பிய அரசு அன்றைக்கே அழிந்துவிடவில்லை, கடைசிக் கோட்டையான ஸ்மெடெரெவோ விழுந்தது 1459இல். எழுபது ஆண்டு இடைவெளி. பாடல்கள் அந்த எழுபது ஆண்டையும் ஒரே நாளாகச் சுருக்கிவிட்டன.

இங்கே ஒரு பெண்ணைப் பற்றிச் சொல்லாமல் என்னால் நகர முடியவில்லை. யெஃபிமியா. பிரபுக் குடும்பத்தில் பிறந்தவள். சின்ன வயதிலேயே மகன் இறந்தான். அவனுக்கான புலம்பலைக் கையகலப் படிமம் ஒன்றின் பின்புறத்தில் பொறிக்க வைத்தாள். 1371இல் மாரிட்சா நதிக்கரைப் போரில் கணவன் உக்லேஷாவும் போனான். அடைக்கலம் கொடுத்தது லாசரின் வீடு. பிறகு அந்த லாசரும் கொசோவோவில் போனார். அவருடைய மனைவி மிலிட்சாவும் இவளும் துறவு பூண்டார்கள்.

1402இல் யெஃபிமியா ஒரு சிவப்புப் பட்டுத் துணியை எடுத்து, பொன்முலாம் பூசிய இழையால் எழுத்தெழுத்தாகத் தைத்து லாசருக்கு ஒரு துதி எழுதினாள். அவருடைய உடலின் மேல் போர்த்துவதற்கான துணி அது. வரிகளுக்கு நடுவில் அழகுக்கு ஒரு வேலைப்பாடும் இல்லாமல் துணி முழுக்க எழுத்து, சுற்றிலும் ஒரு கரை. அதில் அவள் கேட்பது நாட்டின் வெற்றியை அல்ல. உன் பிள்ளைகளை மறந்துவிடாதே, அவர்கள் துன்பத்தில் இருக்கிறார்கள், அவர்களுக்குத் துணை நில் என்று இறந்தவரிடம் கேட்கிறாள். அதே 1402இல் லாசரின் மகன் ஸ்டெஃபான் அங்காராப் போர்க்களத்தில் நின்றான், தன் தகப்பனைக் கொன்ற படையின் பக்கத்தில், சுல்தான் பாயசித்துக்காகத் தைமூரை எதிர்த்து. கப்பம் கட்டுகிறவனுக்கு வேறு வழியில்லை. அவள் ஊசி பிடித்துக் கேட்டது யாருக்காக என்பது இதைத் தெரிந்துகொண்டால்தான் புரியும். அந்தத் துணி இன்றும் பெல்கிரேடில், செர்பியத் திருச்சபை அருங்காட்சியகத்தில் இருக்கிறது. செர்பிய இலக்கியத்தில் பெயர் தெரிந்த முதல் பெண் எழுத்தாளர் என்று அவளைச் சொல்கிறார்கள். கொசோவோப் போர் என்றால் வாளையும் குதிரையையும் காட்டுகிற நாம், இந்தத் துணியைக் காட்டலாமே.

உஸ்மானிய ஆட்சிக் காலத்தை நம் நூல்கள் ‘நானூறு ஆண்டு இருள்’ என்று ஒரே வரியில் கடந்துவிடுகின்றன. அது அவ்வளவு ஒரே நிறமானதல்ல. போஸ்னியாவின் விஷெகிராட் அருகே ஒரு கிறித்துவக் குடும்பத்திலிருந்து பிடித்துச் செல்லப்பட்ட சிறுவன் ஒருவன், சொகுல்லு மெஹ்மெத் பாஷா என்ற பெயரில் பேரரசின் தலைமை அமைச்சர் வரை உயர்ந்தார். 1557இல் பெச் நகரத்துச் செர்பியத் தலைமைச் சபை மறுபடி உயிர்பெற்றபோது அதன் தலைவரானவர் அவருடைய உறவினர் மகாரியே. அதே ஆட்சியில்தான் 1594இல், மக்களின் கிளர்ச்சியை ஒடுக்க, சினான் பாஷா புனிதத் துறவி சாவாவின் உடலை மிலேஷெவா மடத்திலிருந்து எடுத்துவந்து பெல்கிரேடில் எரித்தார். 1690இல் திருச்சபைத் தலைவர் மூன்றாம் அர்செனியேயின் பின்னால் பல்லாயிரம் பேர் சாவா, டான்யூப் நதிகளுக்கு அப்பால், ஆஸ்திரியரின் நிலத்துக்குப் புலம்பெயர்ந்தார்கள். அதனால்தான் செர்பியரின் முதல் பெரிய பண்பாட்டுக் கழகமான மாட்டிட்சா செர்ப்ஸ்கா 1826இல் தோன்றியது பெல்கிரேடில் இல்லை, ஹங்கேரியின் பெஸ்ட் நகரத்தில். பிறகுதான் நோவி சாட் நகருக்கு வந்தது.

1804இல் கராஜோர்ஜே தலைமையில் முதல் எழுச்சி, 1815இல் மிலோஷ் ஓப்ரெனோவிச் தலைமையில் இரண்டாவது. 1809இல் நிஷ் அருகே செகார் குன்றில் தோற்ற செர்பிய வீரர்களின் மண்டையோடுகளைப் பதித்து உஸ்மானியத் தளபதி ஒரு கோபுரம் கட்டினார். 952 மண்டையோடுகள் இருந்ததாகச் சொல்வார்கள். உறவினர்கள் இரவில் வந்து ஒவ்வொன்றாக எடுத்துப் போய்ப் புதைத்தார்கள். இன்று மிஞ்சியிருப்பது 58. அந்தச் சுவரைச் சுற்றி இப்போது ஒரு சிறு ஆலயம் கட்டி வைத்திருக்கிறார்கள். 1835இல் அந்தச் சிறு நாடு ஓர் அரசியல் சட்டம் எழுதியது. செர்பிய மண்ணில் கால் வைத்த அடிமை அந்தக் கணமே சுதந்திர மனிதன் என்றது அதில் ஒரு பிரிவு. சுற்றியிருந்த மூன்று பேரரசுகளுக்கும் அது பிடிக்கவில்லை, சில வாரங்களிலேயே கைவிட வேண்டி வந்தது. அமெரிக்காவில் அடிமை முறை ஒழிய அப்போது இன்னும் முப்பது ஆண்டு இருந்தது.

எழுச்சியில் எழுத்தராக வேலை பார்த்த ஒரு கால் ஊனமான இளைஞர்தான் செர்பிய மொழியை மாற்றினார். வுக் கராஜிச், 1787இல் டிர்ஷிச் என்ற சிற்றூரில் பிறந்தவர். 1813இல் எழுச்சி நசுங்கியதும் வியன்னாவுக்குப் போனார். அன்றைக்குப் படித்தவர்கள் எழுதிய மொழி சபை மொழியும் ரஷ்ய மொழியும் கலந்த ஒன்று, ஆடு மேய்ப்பவருக்குப் புரியாது. வுக் அதைத் தூக்கிப்போட்டார். ஒரு ஒலிக்கு ஒரு எழுத்து, மொத்தம் 30 எழுத்து, மக்கள் பேசுவது போல எழுது என்றார். 1818இல் 26,270 சொற்களோடு அகராதி போட்டார். ஆயர்கள் கொதித்தார்கள். பல ஆண்டு அவருடைய எழுத்துமுறைக்குச் செர்பியாவிலேயே தடை இருந்தது. அவர் இறந்து நான்கு ஆண்டுக்குப் பிறகு, 1868இல்தான் அது அதிகாரபூர்வமானது.

அவர் சேர்த்த பாடல்கள்தான் அதைவிடப் பெரிது. குஸ்லே என்ற ஒற்றைத் தந்தி வாத்தியத்தை மடியில் வைத்து வில்லால் இழுத்துப் பாடும் மரபு அது. பாடியவர்களில் பலர் பார்வையற்றவர்கள். எழுச்சியின் பெரும் பாடகர் பிலிப் விஷ்னிச் பார்வையற்றவர். லாசர் மண்ணரசை விட்டு விண்ணரசைத் தேர்ந்தெடுத்தார் என்ற புகழ்பெற்ற கொசோவோப் பாடல், கிருகுரெவ்ட்சி என்ற ஊரைச் சேர்ந்த ஒரு பார்வையற்ற பெண் பாடியது. அவள் பெயர்கூட அந்தத் தொகுப்பில் இல்லை, ஊர்ப் பெயரோடு சரி. ஊர் ஊராகப் பாடிப் பிழைத்த ஒருத்தியின் வாயிலிருந்து வந்த வரிகளை ஜெர்மனியில் கோத்தேயும் யாக்கோப் கிரிம்மும் படித்து வியந்தார்கள். வாய்மொழி இலக்கியம் என்ற தலைப்பில் நீங்கள் எந்த உதாரணம் சொன்னாலும் இவளையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

இப்போது இருக்கிற செர்பியரின் வீட்டுக்குள் போவோம். ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு காவல் புனிதர் உண்டு. அவருடைய நாளைக் குடும்பமே கொண்டாடும். அதன் பெயர் ஸ்லாவா. தகப்பனிடமிருந்து மகனுக்குப் போகும். நம்மூரில் குலசாமிக்குப் பொங்கல் வைக்கிற வீட்டிலிருந்து வரும் பிள்ளைக்கு இதை விளக்கவே வேண்டாம், பாதி புரிந்துவிடும். அன்று மேசையில் நான்கு பொருள் இருக்கும்: எரியும் மெழுகுவத்தி, சிவப்பு ஒயின், மாவிலேயே சிலுவையும் பறவையும் வைத்து அலங்கரித்த ரொட்டி, வேகவைத்து அரைத்துச் சர்க்கரையும் வால்நட் பருப்பும் கலந்த கோதுமை. வீட்டுக்கு வருகிறவர் உட்காருவதற்கு முன் அந்தக் கோதுமையில் ஒரு கரண்டி எடுத்துச் சாப்பிட வேண்டும். இறந்தவர்களின் நினைவும் உயிர்த்தெழும் நம்பிக்கையும் அதில் இருக்கிறது. ரொட்டியை வீட்டுக்காரரும் பாதிரியாரும் சேர்ந்து பிடித்துச் சுழற்றி, குறுக்காகக் கீறி ஒயின் ஊற்றி உடைப்பார்கள். யாரையும் அழைக்கும் வழக்கம் இல்லை. தெரிந்தவர்கள் தாமாகவே வருவார்கள். அதிகமான வீடுகளுக்குப் புனித நிக்கோலஸ்தான் காவல், டிசம்பர் 19. அது கிறிஸ்துமஸுக்கு முந்திய நோன்புக் காலத்தில் விழுவதால் அன்றைக்கு இறைச்சி கிடையாது, மீன்தான். கம்யூனிஸ்ட் ஆட்சியில் கட்சிக்காரர்கள் பலர் கதவைச் சாத்திக்கொண்டு இதைச் செய்தார்கள். யுனெஸ்கோ 2014இல் இதைப் பண்பாட்டு மரபாகப் பதிவுசெய்தது.

அவர்களின் கிறிஸ்துமஸ் ஜனவரி 7. பழைய ஜூலியன் நாட்காட்டியைச் சபை இன்னும் விடவில்லை. ஆச்சரியம் என்னவென்றால், 1923இல் கிழக்குத் திருச்சபைகளுக்காகத் திருத்தப்பட்ட, மிகத் துல்லியமான நாட்காட்டி ஒன்றை வகுத்துக் கொடுத்தவரே ஒரு செர்பியர், மிலூடின் மிலன்கோவிச். கிரேக்கரும் ருமேனியரும் எடுத்துக்கொண்டார்கள், அவருடைய சொந்தச் சபை எடுத்துக்கொள்ளவில்லை. பூமியின் சுற்றுப்பாதையும் சாய்வும் மாறுவதால்தான் பனியூழிகள் வந்துபோகின்றன என்று கணக்குப் போட்டுக் காட்டியவர் அவர். முதல் உலகப் போரில் ஆஸ்திரியர் பிடித்து வைத்திருந்தபோதும் கணக்கை விடவில்லை. அவருடைய வாழ்நாள் நூல் 1941 ஏப்ரலில் அச்சாகி முடிந்த சில நாளில் ஜெர்மானியர் பெல்கிரேடில் குண்டு போட்டார்கள், அச்சகம் சிதைந்தது. தப்பிய தாள்களை வைத்துத்தான் நூல் வெளிவந்தது. நம் புவியியல் ஆசிரியர்கள் ‘மிலன்கோவிச் சுழற்சி’ என்று சொல்லிக்கொடுக்கிறார்கள். அவர் எந்த மக்களைச் சேர்ந்தவர் என்று வரலாற்று ஆசிரியர் சொல்லிவிட்டால் இரண்டு பாடமும் இணைந்துவிடும். நிகோலா டெஸ்லாவும் செர்பியப் பாதிரியார் ஒருவரின் மகன்தான், பிறந்தது இன்றைய குரோவேஷியாவில்.

குண்டு போட்ட முதல் நாளான 1941 ஏப்ரல் 6இல் பெல்கிரேடின் தேசிய நூலகம் எரிந்தது. மூன்று லட்சத்துக்கும் மேற்பட்ட நூல்கள், இடைக்காலக் கையெழுத்துச் சுவடிகள் ஆயிரத்துக்கும் மேல். யாழ்ப்பாண நூலகத்தை இழந்த தமிழருக்கு இந்த வரியின் கனம் தெரியும்.

போரைப் பற்றிச் சொல்லும்போதும் 1914 ஜூலையோடு நிறுத்திவிடுகிறோம். அதற்குப் பிறகு அந்தச் சிறு நாட்டுக்கு என்ன ஆனது? 1915 தொடக்கத்தில் டைஃபஸ் காய்ச்சல் மட்டும் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோரைக் கொண்டுபோனது. ஓவியர் நாடெழ்டா பெட்ரோவிச் செவிலியாக வேலை பார்த்து அந்த நோயிலேயே வால்யெவோ மருத்துவமனையில் இறந்தார். அந்த ஆண்டின் இறுதியில் வந்த குளிர்காலத்தில் மூன்று பக்கமும் எதிரி சூழ, படையும் அரசும் மக்களும் அல்பேனியப் பனிமலைகள் வழியாகக் கடலை நோக்கி நடந்தார்கள். வயதான பீட்டர் மன்னர் மாட்டு வண்டியில் வந்தார். கோர்ஃபு தீவு வரை தப்பி வந்தவர்கள் சுமார் ஒன்றரை லட்சம் வீரர்கள். அருகிலுள்ள விடோ தீவில் நாள்தோறும் செத்தவர்களைப் புதைக்க இடமில்லாமல், ஆயிரக்கணக்கானவர்களைக் கடலில் இறக்கினார்கள். மிஞ்சியவர்கள் 1918 செப்டம்பரில் சலோனிகா முனையை உடைத்து ஊர் திரும்பினார்கள். போரைத் தொடங்கியவர்கள் என்று நாம் சொல்லிக்கொடுக்கிற மக்கள், பங்கெடுத்த நாடுகளிலேயே மக்கள்தொகைக்கு ஏற்ப மிக அதிகமாகச் செத்தவர்களில் அடங்குவார்கள்.

இரண்டாம் உலகப் போரில் குரோவேஷியப் பாசிச உஸ்தாஷா ஆட்சியின் யாசெனோவாட்ஸ் முகாமில் கொல்லப்பட்டவர்களில் பெரும்பான்மையினர் செர்பியர். 1941 அக்டோபரில் கிராகுயெவாட்ஸ் நகரில் ஜெர்மானியர் இரண்டாயிரத்து எழுநூறுக்கும் மேற்பட்டோரைச் சுட்டார்கள், பள்ளிப் பிள்ளைகளும் அதில் இருந்தார்கள். அதே போரில் செட்னிக் என்ற செர்பிய முடியாட்சி ஆதரவுப் படைகள் கிழக்கு போஸ்னியாவில் முஸ்லிம் ஊர்களை அழித்தன. இதையும் மறைக்க வேண்டாம். பிறகு வந்த யூகோஸ்லாவியாவின் தலைநகர் பெல்கிரேடில்தான் 1961 செப்டம்பரில் அணிசேரா நாடுகளின் முதல் மாநாடு கூடியது. நேருவும் சிரிமாவோ பண்டாரநாயக்கவும் அதில் உட்கார்ந்திருந்தார்கள்.

இனி, கடினமான பகுதி. இவ்வளவு நேரம் நான் சொன்னதைக் கேட்டு, 1990களை மென்மையாக்கச் சொல்கிறேன் என்று யாரும் எண்ணிவிடக் கூடாது. 1989 ஜூன் 28, கொசோவோப் போரின் அறுநூறாம் ஆண்டு. ஸ்லோபொடான் மிலோஷெவிச் அந்தக் களத்திலேயே பெரும் கூட்டத்துக்கு முன் நின்று, ஆயுதப் போர்களை இன்னும் ஒதுக்கிவிட முடியாது என்று பேசினார். பார்வையற்ற பெண் பாடிய துயரத்தை, யெஃபிமியா தைத்த பிரார்த்தனையை, ஓர் அரசியல்வாதி பகைக்கு எரிபொருளாக்கினார். அதற்குப் பிறகு நடந்தது உலகறிந்தது. சரயேவோவை 1992 முதல் 1996 வரை போஸ்னிய செர்பியப் படை முற்றுகையிட்டது. 1995 ஜூலையில் ஸ்ரெப்ரெனிட்சாவில் எட்டாயிரத்துக்கும் மேற்பட்ட போஸ்னிய முஸ்லிம் ஆண்களும் சிறுவர்களும் கொல்லப்பட்டார்கள். அது இனப்படுகொலை என்று சர்வதேச நீதிமன்றங்கள் தீர்ப்பளித்தன. போஸ்னிய செர்பியத் தளபதி ராட்கோ மிலாடிச்சும் அவர்களின் அரசியல் தலைவர் ராடோவான் கராஜிச்சும் ஆயுள் தண்டனை பெற்றார்கள். 1999இல் கொசோவோவின் அல்பேனியர் எட்டு லட்சத்துக்கும் மேல் விரட்டப்பட்டார்கள். இதில் எந்த வரியையும் குறைக்கக் கூடாது, ‘இரு தரப்பும்’ என்று பூசி மெழுகவும் கூடாது.

அதோடு, 1995 ஆகஸ்டில் குரோவேஷியாவின் கிராயினாவிலிருந்து சுமார் இரண்டு லட்சம் செர்பியர் டிராக்டர்களில் ஏறி ஓடியதையும், 1999இல் நேட்டோ 78 நாள் குண்டு போட்டதையும், 2004 மார்ச்சில் பிரிஸ்ரென் நகரின் பழைய மரியன்னை ஆலயம் எரிக்கப்பட்டதையும் சொல்ல வேண்டும். ஒன்று மற்றொன்றுக்குச் சமாதானம் ஆகாது. ஆனால் செர்பியர் என்றாலே குற்றவாளி என்று பிள்ளை முடிவுகட்டினால் நாமும் ஓர் இனத்தின் தலையில் பாவத்தை ஏற்றுகிறோம். 1991 அக்டோபர் முதல் பெல்கிரேடின் நடுச் சந்தியில் கறுப்புடையில் நின்று தங்கள் அரசின் போரை எதிர்த்த பெண்களும் செர்பியர்தான். ஸ்ரெப்ரெனிட்சாவின் இளைஞர்களைச் செர்பிய ஆயுதக்குழு ஒன்று சுட்டுக்கொல்லும் காணொளியை 2005இல் வெளிக்கொணர்ந்தவர் நடாஷா கண்டிச், அவரும் செர்பியர். 2000 அக்டோபர் 5இல் மிலோஷெவிச்சை வீட்டுக்கு அனுப்பியதும் அந்த மக்களே.

கொசோவோவைப் பற்றி ஒரு சொல். அங்கே இன்று பெரும்பான்மையினர் அல்பேனியர், அவர்களுக்கு அது தாய்நாடு, 2008இல் சுதந்திரம் அறிவித்தார்கள். டெச்சானி, கிராசானிட்சா, பெச் மடங்கள் நிற்பதும் அங்கேதான், செர்பியருக்கு அது பிறந்த வீடு. செர்பியா அந்தச் சுதந்திரத்தை ஏற்கவில்லை, இந்தியாவும் ஏற்கவில்லை. வரைபடத்தில் எப்படிக் கோடு போடுவது என்பது பாடநூல் குழுவின் தலைவலி. இரண்டு மக்களுக்கும் அங்கே வேர் இருக்கிறது என்று எழுதுவதில் தலைவலி எதுவும் இல்லை.

நான் கேட்பது பெரிய மாற்றம் இல்லை. முதல் உலகப் போர்ப் பாடத்தில் செர்பியாவுக்கு ஒரு பெட்டிச் செய்தி கொடுங்கள், அதில் 1389இன் நினைவையும் 1915இன் பின்வாங்கலையும் எழுதுங்கள். பிரின்சிப் ஆஸ்திரியா-ஹங்கேரி ஆண்ட போஸ்னியாவைச் சேர்ந்தவர் என்பதைத் தெளிவாக்குங்கள். படம் போட இடம் இருந்தால் யெஃபிமியாவின் துணியைப் போடுங்கள். மேல்நிலை வகுப்பில் யூகோஸ்லாவியா வந்தால் ஸ்ரெப்ரெனிட்சாவை அதன் பெயரோடும் தீர்ப்போடும் எழுதுங்கள், கறுப்புடைப் பெண்களையும் அதே பக்கத்தில் எழுதுங்கள். துணைநூல் எழுதுவோர் செர்பிய வாய்மொழிப் பாடல்களில் சிலவற்றையாவது தமிழுக்குக் கொண்டுவர முயலுங்கள். பாடநூல் மாறும் வரை காத்திருக்க முடியாத ஆசிரியர், அடுத்த முறை ‘சரயேவோ’ என்று கரும்பலகையில் எழுதும்போது பக்கத்திலேயே ‘1389’ என்றும் எழுதிவிட்டு, ஏன் அந்தத் தேதி என்று வகுப்பைக் கேளுங்கள்.

இந்த வேலையில் யாராவது இறங்கினால், பல ஆண்டாகப் படித்துச் சேர்த்த குறிப்புகளை முழுக்கக் கொடுக்கவும், மெய்ப்புத் திருத்தவும், பெயர்களின் உச்சரிப்பைச் சரிபார்க்கவும் நான் தயாராக இருக்கிறேன்.

மதிப்புடன்,
பால்கன் வரலாறு படிக்கும் ஒரு வாசகன்